ஷாஃப்ட்ஸ்பரி பிரபு (1801–1885)

அந்தோனி ஆஷ்லி-கூப்பர், ஷாஃப்ட்ஸ்பரியின் 7ஆம் ஏர்ல்; பிரிட்டிஷ் அரசியலர், தொழிலாளர் நலச் சட்டங்களின் முன்னோடி. லண்டனில் பிறந்தார். பெற்றோரின் பாசம் கிட்டாத பிள்ளைப் பருவத்தில் அவரை அன்போடு கவனித்தவர் வீட்டுப் பணியாளர் மரியா மில்லிஸ். அவர் விட்டுச்சென்ற கடிகாரத்தை ஷாஃப்ட்ஸ்பரி கடைசிவரை வைத்திருந்தார். ஹாரோவிலும் ஆக்ஸ்போர்டிலும் படித்து, 1826இல் நாடாளுமன்றம் புகுந்தார்.

அவரது பணிகளில் தலையாயது 1842இன் சுரங்கச் சட்டம். அவர் முயன்று அமைத்த விசாரணைக் குழுவின் அறிக்கை படங்களோடு வெளிவந்தது. இடுப்பில் வார்கட்டி, கால்களுக்கிடையே சங்கிலி ஓட, சிறுவர்கள் தவழ்ந்தபடி நிலக்கரி வண்டியை இழுப்பதை நாடே பார்த்து அதிர்ந்தது. காற்றோட்டக் கதவைத் திறந்து மூட, சின்னஞ்சிறு பிள்ளைகள் இருட்டில் மணிக்கணக்காக உட்கார்ந்திருந்தார்கள். பெண்களும் 10 வயதுக்குட்பட்ட சிறுவர்களும் சுரங்கத்துக்குள் வேலை செய்வதை அச்சட்டம் தடுத்தது.

தானிய இறக்குமதிச் சட்டப் பிரச்சினையில் 1846இல் நாடாளுமன்ற உறுப்பினர் பதவியிலிருந்து விலகியதால், அவர் பாடுபட்ட பத்து மணி நேர வேலைச் சட்டத்தை மறு ஆண்டு சக உறுப்பினர் ஜான் ஃபீல்டன் நிறைவேற்றினார். மனநோயாளர் நல ஆணையத்துக்கு ஷாஃப்ட்ஸ்பரி 1845 முதல் இறக்கும்வரை தலைமை தாங்கினார்.

சுத்தம் செய்யப் புகைபோக்கிக்குள் சிறுவர்களை ஏற்றும் கொடுமைக்கு எதிரான பழைய சட்டங்கள் ஏட்டளவில் நின்றன. துப்புரவாளர்கள் உரிமம் பெற வேண்டுமென்று ஷாஃப்ட்ஸ்பரி கொண்டுவந்த 1875இன் சட்டமே அதற்கு முடிவுகட்டியது. அப்போது அவருக்கு வயது 74.