சாளைக்கு விலை சொன்னவர்கள்

ஒசாகாவில் வேலை பார்க்கும் கல்லூரி நண்பன் போன மாதம் வரிசையாகப் படங்கள் அனுப்பித் தள்ளினான். அங்கே குரோமோன் சந்தையில் ஒரு வழிகாட்டியோடு கடை கடையாக நடந்தானாம். ஒரு கடையில் சுட்ட சிப்பி, அடுத்த கடையில் விலாங்கு, அதற்கடுத்த கடையில் பச்சைச் சூரை என்று மூன்று மணி நேரம் தின்றுகொண்டே நடை. அதற்குக் கட்டணம் வேறு. கடைசியில் ஒரு குத்தல்: "கடலோரத்துல குடியிருக்கியே, உங்க ஊர்ல இதெல்லாம் கிடையாதா?"

எங்கள் ஊர் தாராபுரம் பக்கம். அங்கே மீன் என்றால் வாரச்சந்தைக் கருவாடு. அமராவதியில் தண்ணீர் வந்தால் கெண்டை, கெளுத்தி. அவ்வளவுதான். வங்கி உத்தியோகம் இரண்டு தவணையாக என்னைத் திருவனந்தபுரத்தில் கொண்டுவந்து போட்டு மொத்தம் ஏழு வருஷம் ஆகிவிட்டது. ஏழு வருஷத்தில் சாளைக்கும் அயிலைக்கும் வித்தியாசம் தெரிந்ததே தவிர, அந்த மீன் என் தட்டுக்கு எப்படி வந்தது என்று பார்க்கக் கிளம்பியதில்லை. நண்பனின் குத்தல் வேலை செய்தது.

ஞாயிற்றுக்கிழமை சரிப்படாது. இந்தக் கரையில் லத்தீன் கத்தோலிக்கர்கள் அதிகம். அன்று கடலுக்குப் போகாமல் கோவிலுக்குப் போவார்கள். ஆகவே வங்கிக்கு விடுமுறையான இரண்டாவது சனிக்கிழமை. வழிகாட்டியும் கிடைத்தார். முப்பது வருஷத்துக்கு மேல் கடலில் கிடந்தவர், இப்போது மகன் போகிறான். பெயர் வேண்டாம். ஒருகாலத்தில் எனக்கு, அதாவது நான் இருந்த கிளைக்கு, கடன்காரர் :-)

அந்தக் கதையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். படகு என்ஜினுக்காக வாங்கிய கடன். மாதத் தவணை. ஜூன், ஜூலை, ஆகஸ்ட் மூன்று மாதமும் கட்டவில்லை. தொண்ணூறு நாள் தாண்டினால் வாராக்கடன் என்பது விதி. நான் நோட்டீஸ் அனுப்பினேன். செப்டம்பரில் மனிதர் பணத்தோடு வந்து எதிரே உட்கார்ந்து ஒரே ஒரு கேள்வி கேட்டார். "சாரே, எங்க கரையில துறைமுகம் இல்ல. சூன் மாசம் அலை தாண்டி வள்ளம் எறக்க ஒக்காதுன்னு பேங்குக்குத் தெரியாதா?" வங்கிக்குத் தெரியாது. எனக்கும் தெரியாது. அன்றிலிருந்து அவரை எங்கே பார்த்தாலும் கொஞ்சம் கூச்சமாகத்தான் இருக்கும்.

காலை ஐந்தரைக்கு விழிஞ்ஞம். எட்டாம் நூற்றாண்டுக் குடைவரைக் கோவில் இருக்கும் ஊர், ஆய் மன்னர்களின் துறை. 2025 மே மாதம் முறைப்படி திறக்கப்பட்ட பெரிய கப்பல் துறைமுகத்தின் கிரேன்கள் ஒரு பக்கம் நிற்க, மறுபக்கம் பழைய மீன்பிடித் துறைமுகத்தில் ஏலம் நடந்துகொண்டிருந்தது. மணலிலும் சிமெண்ட் தரையிலும் மீனைக் குவித்து வைத்திருக்கிறார்கள். தராசு கிடையாது. ஏலம் போடுபவர் மூச்சு விடாமல் எண்ணைச் சொல்லிக்கொண்டே போகிறார். சுற்றி நிற்கும் பெண்கள் கண்ணாலும் தலையாலும் ஏற்றுகிறார்கள். அரை நிமிடத்தில் ஒரு குவியல் முடிந்துவிட்டது.

"பிடிச்சவன் எங்க நிக்கான், பாத்தீங்களா?" என்றார் சேட்டன். பிடித்தவர் கூட்டத்துக்குப் பின்னால் வலையை உதறிக்கொண்டிருந்தார். தன் மீனுக்கு என்ன விலை போகிறது என்று காதால் கேட்டுக்கொண்டிருந்தாரே தவிர, வாய் திறக்கவில்லை.

முன்பெல்லாம் இதைவிட மோசம் என்றார். படகுக்கும் வலைக்கும் தரகர் முன்பணம் கொடுப்பார். அதற்கு வட்டி என்று தனியாகக் கேட்கமாட்டார். மீனை அவர் மூலமாகத்தான் விற்கவேண்டும், அவ்வளவே. விலை அவர் சொல்வது. அதில் தரகும் கழியும். முன்பணம் தீரும்வரை இப்படி. தீராதபடி பார்த்துக்கொள்வதில்தான் தரகரின் சாமர்த்தியமே இருக்கிறது. எங்கள் தொழில் பாஷையில் சொன்னால், அசல் நிலுவையில் இருக்கும்வரை கடனாளியின் வியாபாரமே அடமானம்.

துறைமுகத்தை விட்டு மேலேறும் வழியில் முதல் சாப்பாடு: சிப்பி. வட கேரளத்தில் கல்லும்மேக்காய் என்பார்கள், அங்கே கிடைப்பது பச்சை ஓடு. இங்கே கொல்லத்துக்குத் தெற்கே பழுப்பு ஓடு. பாறையில் ஒட்டியிருப்பதை மூழ்கிப் பெயர்த்தெடுத்து வருகிறார்கள். வேகவைத்து ஓடு திறந்ததும் சதையை எடுத்து, தேங்காய்ச் சில்லும் மிளகும் சேர்த்துச் சுருளப் புரட்டித் தருகிறார்கள். ஒசாகாக்காரனுக்குப் படம் எடுத்து அனுப்பினேன். பதில் வரவில்லை.

தின்றுகொண்டிருக்கும்போதுதான் நிக்கல்சன் நினைவுக்கு வந்தார்.

பி.காம். படிக்கும்போது கூட்டுறவு ஒரு பாடம். அதில் சர் ஃபிரெடரிக் நிக்கல்சன் என்ற ஐ.சி.எஸ். அதிகாரியின் பெயர் கட்டாயம் வரும். எங்கள் ஊருக்கும் அவர் வேண்டியவர்தான்; 1887-இல் கோயம்புத்தூர் மாவட்ட மானுவலை எழுதியவர். விவசாயி கந்துவட்டியில் இருந்து மீள நில வங்கிகள் அமைக்க முடியுமா என்று பார்க்கச் சொல்லி மதராஸ் அரசாங்கம் அவரிடம் பணித்தது. 1895-இலும் 1897-இலும் இரண்டு பாகமாக அறிக்கை கொடுத்தார். ஜெர்மனியில் ரைஃபைசன் என்ற ஊர்த்தலைவர் கிராமத்துக்குக் கிராமம் கடன் சங்கம் வைத்தாரே, அப்படி ஒரு ஆளை இங்கேயும் தேடிக் கண்டுபிடியுங்கள் என்பதுதான் அதன் சாரம். 1904-இல் கூட்டுறவுக் கடன் சங்கச் சட்டம் வந்தது. பரீட்சைக்கு இவ்வளவு போதும், பத்து மார்க்.

பாடப்புத்தகம் சொல்லாமல் விட்டது இதற்குப் பிறகுதான். 1901 பஞ்சக் கமிஷனில் உறுப்பினராக இருந்த அதே நிக்கல்சன், 1905-இல் மதராஸ் மாகாணத்து மீன்வளத்தைக் கவனிக்க வந்தார். மீன் தொழிலைப் படிக்க அவர் போன இடம் ஜப்பான்! திரும்பி வந்து ஜப்பானிய மீன்பிடித் தொழில் பற்றி 1907-இல் ஒரு குறிப்பும் வெளியிட்டார். ஜப்பானில் அதற்குச் சற்று முன், 1901-இல் வந்த மீன்பிடிச் சட்டம், கரையோரக் கடலின் உரிமையை அந்தந்த ஊர் மீனவர் சங்கங்களின் பெயரில் எழுதி வைத்திருந்தது. ஆக, கடனைப் பற்றி எழுதிய கையும் மீனைப் பற்றி எழுதிய கையும் ஒன்றே.

நிக்கல்சனின் துறை மலபார் கரையில் தானூரில் சாளையிலிருந்து சுத்தமான எண்ணெயும் உரமும் எடுக்கப் பரிசோதனை செய்தது. சாலியத்தில் மீனை டின்னில் அடைத்துப் பார்த்தது. ஆனால் திருவிதாங்கூர் சமஸ்தானம் மதராஸ் நிர்வாகத்துக்கு வெளியே. விழிஞ்ஞம் தரகரை யாரும் தொந்தரவு செய்யவில்லை.

சுதந்திரத்துக்குப் பிறகு வந்த வழிகாட்டி ஜப்பானியர் அல்ல, நார்வேக்காரர். 1952-இல் ஐ.நா., நார்வே, இந்தியா மூன்றும் கையெழுத்திட்டு, 1953-இல் கொல்லம் அருகே நீண்டகரையில் இந்தோ-நார்வீஜியன் திட்டம் தொடங்கியது. சாதாரண மீனவனின் படகை மேம்படுத்துவது நோக்கம். நடுவில் இறால் குறுக்கே வந்தது. உறையவைத்த இறாலுக்கு முதலில் அமெரிக்காவும் பிறகு ஜப்பானும் கொடுத்த விலையைப் பார்த்ததும், கடலுக்குச் சம்பந்தமே இல்லாதவர்கள்கூட டிராலர் வாங்கினார்கள். அடிமடி வலை கடலடியை வழித்தெடுத்தது. கட்டுமரக்காரர்கள் கொதித்தார்கள். 1980-இல் கேரளக் கடல் மீன்பிடி ஒழுங்குச் சட்டம், பிறகு உண்ணாவிரதங்கள், கமிட்டிகள். ஒருவழியாக 1988-இல் மழைக்கால டிராலிங் தடை. இப்போது அது 52 நாள். கேரளத்து இறாலின் விலையை ஜப்பான் சந்தை நிர்ணயித்த காலத்தில், அந்த ஜப்பான் தன் கரையை உள்ளூர்ச் சங்கங்களிடம்தான் விட்டு வைத்திருந்தது (1949-இல் இன்னொரு சட்டம் போட்டு உறுதியும் செய்தது). இது எனக்கு இன்னும் உறுத்துகிறது.

விழிஞ்ஞத்திலிருந்து நகரத்துக்குப் பஸ். பக்கத்தில் ஏலத்தில் பார்த்த பெண்களில் ஒருவர், மடியில் சுருமாடு. அலுமினியச் சருவத்தில் மீனைத் தலையில் ஏற்றி வீடு வீடாக விற்கிற இந்தப் பெண்களால்தான் இந்நகரத்துக்கு மீனே கிடைத்தது. ஆனால் நாற்றம் என்று சொல்லிப் பல காலம் அவர்களைப் பஸ்ஸில் ஏற்றவில்லை. அதற்காகவே போராட வேண்டியிருந்தது. 2021 ஆகஸ்டில் அரசுப் போக்குவரத்துக் கழகம் மீன் விற்கும் பெண்களுக்கென்றே 'சமுத்ரா' என்று இலவசத் தாழ்தளப் பேருந்துகளை விட்டது. "எங்கம்மா பூந்துறை வரைக்கும் நடந்தே போவா" என்றார் சேட்டன். வேறு ஒன்றும் சொல்லவில்லை.

மதியச் சாப்பாடு: கப்பையும் சாளைக் கறியும். கப்பை, நம் மரவள்ளி. 1880 முதல் 1885 வரை ஆண்ட விசாகம் திருநாள் மகாராஜா ஊக்கப்படுத்திப் பரப்பிய பயிர். 1942-இல் பர்மா ஜப்பானியர் கையில் விழுந்து அரிசி வரத்து நின்றபோது திருவிதாங்கூரின் ஏழை வயிற்றைக் காப்பாற்றியது இதுதான் (பாருங்கள், ஜப்பான் விட்டபாடில்லை). கப்பையில் மாவுச்சத்தைத் தவிர அதிகம் இல்லை. மற்றதைச் சாளை கொடுத்தது. வேகவைத்த தண்ணீரைக் கொட்டிவிட்டு, தேங்காயும் பச்சை மிளகாயும் மஞ்சளும் அரைத்துப் போட்டு மசித்து, பக்கத்தில் சிவக்கச் சிவக்க மீன் குழம்பு. ஏழையின் சாப்பாடு என்பார்கள். 2021-இல் கேரளத்தில் மொத்தமே மூவாயிரத்துச் சொச்சம் டன் சாளைதான் கிடைத்தது என்று கொச்சி கடல்மீன் ஆராய்ச்சி நிலையம் கணக்குச் சொன்னது. 2012-இல் அதுவே நான்கு லட்சம் டன்னை நெருங்கியிருந்தது. பிறகு சாளை திரும்ப வந்தது. வராத வருஷம் தரகர் கடனை வைத்துக்கொண்டு என்ன செய்வது?

"மரியநாடு தெரியுமா சாரே?" என்று ஆரம்பித்தார் சேட்டன், கையைக்கூடக் கழுவாமல்.

நகருக்கு வடக்கே, 1960-களில் பிஷப் பீட்டர் பெர்னார்ட் பெரைரா முயற்சியில் உருவான மீனவர் குடியிருப்பு. 1970-இல் அங்கே மீனவர்கள் ஒரு கூட்டுறவுச் சங்கம் வைத்தார்கள். வியாபாரிக்கு அதில் இடமில்லை. முதல் வேலையாக ஏலத்தைக் கையில் எடுத்தார்கள். கரையில் மீன் இறங்கியதும் விலை கூறுபவர் சங்கத்தின் ஆள். பணம் சங்கத்துக்கு வரும். அதில் ஒரு பங்கு சேமிப்பு, ஒரு பங்கு கடனுக்கு, மீதி கையில். கடனுக்குப் போகிற பங்கு, அன்றைய பிடியின் மதிப்பில் இத்தனை சதவீதம் என்று கணக்கு. அதிகம் பிடித்தால் அதிகம் கட்டு. கடலுக்குப் போகாத நாளில் கட்டுவதற்கு எதுவும் இல்லை. அந்தச் சங்கத்தை நடத்த உதவிய ஜான் குரியன் பின்னால் இதே நகரத்தில் வளர்ச்சி ஆய்வு மையத்தில் பேராசிரியராகி மீனவர் பொருளாதாரம் பற்றி நிறைய எழுதினார். மரியநாட்டைப் பார்த்து மற்ற கரைகளிலும் சங்கங்கள் எழுந்தன. 1980-இல் அவையெல்லாம் சேர்ந்து, திருவனந்தபுரத்தைத் தலைமையிடமாகக் கொண்டு, சிஃப்ஸ் என்று சுருக்கமாகச் சொல்லும் தென்னிந்திய மீனவர் சங்கக் கூட்டமைப்பு ஆனது. கன்னியாகுமரி மாவட்டத்துக் கரைகளும் அதில் உண்டு.

கேட்டுக்கொண்டிருந்த எனக்குக் கப்பை தொண்டையில் நின்றது. நிக்கல்சன் தேடச் சொன்ன ரைஃபைசன் இங்கேயிருந்து ஒரு மணி நேரத் தூரத்தில், சட்டையில்லாமல், அலையில் நின்றுகொண்டிருந்திருக்கிறார். அதே கரையோரம் மேசை போட்டு உட்கார்ந்த நான் மாதத் தவணை கேட்டு நோட்டீஸ் அனுப்பிக்கொண்டிருந்தேன். கடலின் கணக்குக்கு மாதம் தெரியாது என்பது எந்தச் சுற்றறிக்கையிலும் இல்லை.

எல்லாம் சுபம் என்று நினைத்துவிட வேண்டாம். 1980-களில் ஜப்பானிய அவுட்போர்டு என்ஜின்கள் வந்தன, யமஹா, சுசுகி. கட்டுமரம் போன இடத்துக்கு அப்பால் போக முடிந்தது. மண்ணெண்ணெய்ச் செலவும் கூடவே போனது. சங்கம் கொடுக்கும் கடன் போதாமல் மறுபடி தரகரிடம் போனவர்கள் உண்டு. சேட்டனின் மகனும் அப்படித்தான். "என்ன செய்ய, அவரு ராத்திரி பத்து மணிக்குக் கேட்டாலும் தருவாரு. நீங்க தருவீங்களா?" என்றார். பதில் சொல்லாமல் பில்லைக் கேட்டேன். பில்லை அவரே கொடுத்துவிட்டார், எவ்வளவு சொல்லியும் கேட்கவில்லை.

திரும்பும் வழியில் தாராபுரத்துக்கு அனுப்ப இரண்டு கிலோ நெத்திலிக் கருவாடு வாங்கினோம். விலை கேட்க நான் வாயைத் திறந்தேன். "நீங்க சும்மா இருங்க சாரே" என்று சேட்டன் என்னைத் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டார்.