ஒரு பவுண்டு இறைச்சியின் வரலாறு

வரலாறு என்றால் போர்களும் மன்னர்களும் மட்டும்தானா? அமெரிக்கர் பலர் ஏக்கத்தோடு நினைவுகூரும் ஓர் இரவுணவைப் பாருங்கள்: ஒரே சட்டியில் வெந்த பாஸ்தாவும் அரைத்த மாட்டிறைச்சியும்.

1970களின் தொடக்கத்தில் அங்கு இறைச்சி விலை ஏறியது. 1971இல் ஜெனரல் மில்ஸ் நிறுவனம் ‘ஹாம்பர்கர் ஹெல்பர்’ பெட்டியை அறிமுகப்படுத்தியது. அதில் இருந்தவை உலர்ந்த பாஸ்தாவும் மசாலைத் தூளும். ஒரு பவுண்டு, அதாவது ஏறத்தாழ 454 கிராம் இறைச்சியை வதக்கி, இவற்றைச் சேர்த்து வேகவைத்தால் ஐவர் பசியாறலாம். விலையேற்றம் தொடரவே, 1973 மார்ச்சில் அதிபர் நிக்சன் இறைச்சிக்கு உச்சவரம்பு விலை விதித்தார். அதுவும் போதாதென்று ஏப்ரலில் இல்லத்தரசிகள் ஒரு வாரம் இறைச்சியைப் புறக்கணித்தனர்.

பிள்ளைகளின் நினைவில் நின்றது சுவை. அதன் பின்னே இருந்தது தாயின் கணக்கு. நம் மாணவர்களும் தத்தம் வீட்டு உணவின் வரலாற்றைப் பாட்டியிடம் கேட்டு எழுதட்டுமே!