ஐந்து திர்ஹம் அங்கி: மணமகளைப் பேணிய மரபின் வரலாறு

திருமணத்திற்கு முந்திய வாரங்களில் மணமகள் தன் உடல்நலத்தையும் தோற்றத்தையும் பேணிக்கொள்வது இன்று ஒரு தனி வணிகமாகவே வளர்ந்துவிட்டது. முகப்பூச்சு, கூந்தல் பராமரிப்பு, மருதாணி, மணநாள் ஒப்பனை எனத் தனித்தனியே செலவுக் கணக்கு எழுதப்படுகிறது. இவை யாவும் வீண் ஆடம்பரம் என்று ஒதுக்குவோர் உண்டு. வாழ்வில் ஒருமுறை வரும் நாளுக்கு எவ்வளவு செலவிட்டாலும் தகும் என்போரும் உண்டு. இரு சாராரும் நினைவிற்கொள்ள வேண்டிய நெடிய வரலாறு ஒன்று முஸ்லிம் சமூகத்திற்கு இருக்கிறது. மணமகளைப் பேணும் பணியை அச்சமூகம் தொடக்கத்தில் எவ்வாறு கருதியது, பின்னர் அப்பணி எவ்வாறெல்லாம் மாறியது என்பதை இங்குச் சுருக்கமாகக் காண்போம்.

மதீனாவில் மணமகளின் ஆயத்தம் உணவிலிருந்து தொடங்கியது. அன்னை ஆயிஷா (ரலி) அவர்களை மணமகளாக அனுப்புவதற்கு முன் அவர்களின் உடல் தேறவேண்டும் என்று தாயார் விரும்பினார்கள். பலவற்றைக் கொடுத்துப் பார்த்தும் பயன் கிட்டவில்லை. இறுதியில் வெள்ளரிக்காயையும் கனிந்த பேரீச்சம்பழத்தையும் சேர்த்து உண்ணத் தந்தபோது உடல் நன்கு தேறியது. அன்னையவர்களே பின்னாளில் கூறிய இச்செய்தியை அபூதாவூத், இப்னு மாஜா ஆகிய தொகுப்புகளில் காணலாம். நபி (ஸல்) அவர்களும் இவ்விரண்டையும் சேர்த்து உண்டார்கள் என ஸஹீஹுல் புகாரீ கூறுகிறது. ஒன்றின் குளிர்ச்சி மற்றதன் வெப்பத்தைச் சமன் செய்யும் எனப் பிற்கால மருத்துவ நூலோர் இதற்கு விளக்கம் எழுதினர். மெலிவதற்காக உணவைக் குறைத்து, மணமேடையில் மயங்கி நிற்கும் நிலைக்கு நம் பெண்மக்களை ஆளாக்கும் இக்காலத்தில், மணமகளுக்கு ஊட்டம் தந்து தேற்றிய அத்தாயின் கவலை நம் சிந்தனைக்குரியது.

அடுத்து அலங்காரம். அன்னையவர்களை மணநாளில் அலங்கரித்தவர் அஸ்மா பின்த் யஸீத் (ரலி) என்னும் அன்ஸாரிப் பெண்மணி என்பதை முஸ்னத் அஹ்மத் வாயிலாக அறிகிறோம். ஹிஜ்ரி 7ஆம் ஆண்டு கைபரிலிருந்து திரும்பும் வழியில் அன்னை ஸஃபிய்யா (ரலி) அவர்களை மணமகளாக ஆயத்தப்படுத்தியவர் அனஸ் (ரலி) அவர்களின் தாயார் உம்மு ஸுலைம் (ரலி). பயணத்தின் நடுவே நிகழ்ந்த அம்மணத்தின் விருந்தோ பேரீச்சம்பழம், உலர்தயிர், நெய் ஆகியவை கலந்த எளிய உணவு. மணமகளின் கூந்தலை வாரி ஒப்பனை செய்பவளை அரபு மொழி ‘மாஷிதா’ என்று அழைத்தது. இப்பணிக்கெனத் தனிப்பெயர் நிலைத்திருப்பதே அது சமூகத்தில் பெற்றிருந்த இடத்தைக் காட்டும்.

இவை எல்லாவற்றினும் என் உள்ளத்தைத் தொட்டது ஓர் அங்கியைப் பற்றிய செய்தியாகும். பிற்காலத்தில் ஒருநாள் ஆயிஷா (ரலி) அவர்களைக் காணவந்தவர், அவர்கள் ஐந்து திர்ஹம் விலையுள்ள முரட்டுத் துணி அங்கி அணிந்திருக்கக் கண்டார். வீட்டிலிருந்த பணிப்பெண்கூட அதனை உடுத்த நாணுகிறாள் என்று அன்னையவர்கள் அவரிடம் கூறினார்கள். நபி (ஸல்) அவர்களின் காலத்தில் தம்மிடம் அத்தகைய அங்கி ஒன்று இருந்ததையும், மதீனாவில் மணக்கோலம் பூண்ட பெண் எவரும் ஆளனுப்பி அதனை இரவல் பெறாமல் இருந்ததில்லை என்பதையும் நினைவுகூர்ந்தார்கள். இமாம் புகாரீ இச்செய்தியை அன்பளிப்புகள் பற்றிய பகுதியில், மணமகளுக்காக இரவல் வாங்குதல் என்னும் பொருளில் தனித் தலைப்பிட்டுப் பதிவு செய்துள்ளார்கள். ஒரே அங்கி ஓர் ஊரின் மணமக்களுக்கெல்லாம் போதுமானதாக இருந்தது. அதனை இரவல் கேட்டதால் எந்தப் பெண்ணின் மதிப்பும் குறையவில்லை.

அலங்காரத்திற்கு எல்லை வகுத்த நிகழ்ச்சியும் ஒரு மணப்பெண்ணைப் பற்றியதே. அன்ஸாரிப் பெண் ஒருவர் தம் மகளை மணமுடித்துக் கொடுத்தார். நோயுற்ற அம்மகளின் தலைமுடி உதிர்ந்துபோயிற்று. ஒட்டுமுடி வைக்கும்படி கணவர் கூறுகிறார் என்று தாய் நபி (ஸல்) அவர்களிடம் வந்து கேட்டபோது, அவர்கள் அதனைத் தடுத்துவிட்டார்கள். பட்டு நூல், கம்பளி நூல் போன்றவற்றைக் கூந்தலில் முடித்துக்கொள்வது பற்றிச் சட்ட அறிஞர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. எனினும், நோயினால் தன் அழகின் ஒரு பகுதியை இழந்த பெண், இல்லாத ஒன்றை இருப்பதாகக் காட்டித்தான் வாழவேண்டும் என்னும் நெருக்கடியிலிருந்து அத்தீர்ப்பு அவளை விடுவிக்கிறது என்றே இதனை நாம் புரிந்துகொள்ள வேண்டும். உள்ளதைப் பேணுவது ஊக்குவிக்கப்பட்டது. நகம் வெட்டுதல் முதலிய தூய்மைப் பணிகளை நாற்பது நாட்களுக்கு மேல் தள்ளிப்போடலாகாது என்னும் விதி மணமக்களுக்கு மட்டுமன்றி எல்லோருக்கும் உரியது. எனவே மேனி பேணல் என்பது மணநாளுக்கெனத் திடீரெனத் தொடங்குவதாக இல்லாமல், வாழ்நாள் ஒழுங்காகவே கற்பிக்கப்பட்டது.

இஸ்லாமிய நாகரிகம் விரிந்தபோது இப்பேணல் ஓர் அறிவுத்துறையாகவும் வளர்ந்தது. 9ஆம் நூற்றாண்டின் தத்துவ அறிஞர் அல்கிந்தியின் பெயரால் வழங்கும் நறுமண நூல் நூற்றுக்கும் மேற்பட்ட செய்முறைகளைக் கூறுகிறது. குர்துபா நகரையடுத்த ஸஹ்ராவில் வாழ்ந்து 1013ஆம் ஆண்டளவில் மறைந்த அறுவை மருத்துவர் அபுல்காஸிம் அஸ்ஸஹ்ராவீ, முப்பது பகுதிகள் கொண்ட தம் ‘தஸ்ரீஃப்’ நூலின் 19ஆம் பகுதியை நறுமணத்திற்கும் ஒப்பனைக்கும் ஒதுக்கினார். மேனியழகு மருத்துவத்தின் ஒரு கிளை என்பதே அவர் கருத்து. 12ஆம் நூற்றாண்டில் இத்தாலியின் சலெர்னோவில் இலத்தீனில் எழுதப்பட்ட பெண்கள் ஒப்பனை நூல், முஸ்லிம் பெண்களின் வழக்கங்களை முன்மாதிரியாக எடுத்துக்காட்டுகிறது.

இவ்வறிவு மக்களைச் சென்றடைந்த இடம் ஹம்மாம் என்னும் பொதுக் குளியலகம். இமாம் கஸ்ஸாலீ (ரஹ்) ‘இஹ்யா’வின் தூய்மை பற்றிய நூலில் ஹம்மாமின் ஒழுக்கங்களை எடுத்துரைக்கிறார்கள். மறைக்க வேண்டியதை மறைத்தலும், வெந்நீரை வீணாக்காமையும் அவற்றுள் அடங்கும். 12ஆம் நூற்றாண்டின் ஷைஸரீ சந்தைக் கண்காணிப்பாளருக்காக எழுதிய கையேட்டில், ஹம்மாமைக் கழுவித் தூய்மையாக வைப்பதும் நறும்புகை இடுவதும் நடத்துநரின் கடமைகளாகக் கூறப்படுகின்றன. ஆண்களுக்கும் பெண்களுக்கும் சில ஊர்களில் தனித்தனி நேரங்களும், சில ஊர்களில் தனித்தனிக் கூடங்களும் இருந்தன. சிற்பி சினான் ஹுர்ரம் சுல்தானுக்காக 1556இல் இஸ்தான்புல்லில் கட்டியது இருபாலருக்கும் தனித்தனிப் பிரிவுகள் கொண்ட ஹம்மாமாகும்.

உஸ்மானிய நகரங்களில் மணமகளை ஹம்மாமிற்கு அழைத்துச் செல்வது தனிச் சடங்காயிற்று. 1717-18ஆம் ஆண்டுகளில் துருக்கியில் தங்கியிருந்த ஆங்கிலேயத் தூதரின் மனைவி மேரி வொர்ட்லி மான்டேகு இதனை நேரிற்கண்டு கடிதத்தில் எழுதியுள்ளார். ஏறத்தாழ இருநூறு பெண்கள் கூடியிருந்தனர். கன்னியர் பாட்டிசைத்து மணமகளைக் கூடங்களைச் சுற்றி அழைத்துவந்தனர். பின்னர் அவள் மூத்த பெண்கள் ஒவ்வொருவரிடமும் சென்றாள். அவர்கள் வாழ்த்தி நகையோ துணியோ கைக்குட்டையோ தத்தம் இயல்புக்கேற்ப அளித்தனர். அவளும் அவர்தம் கைகளை முத்தமிட்டு நன்றி கூறினாள். மதீனாவின் இரவல் அங்கியில் காணும் பகிர்வின் சாயல் இங்கும் தெரிகிறது.

ஆடம்பரத்தின் வரலாறும் இதனருகே ஓடிவந்ததை மறைப்பதற்கில்லை. ஹிஜ்ரி 210இல் (கி.பி. 825) வாஸித் நகருக்கு அருகிலுள்ள ஃபமுஸ் ஸில்ஹில் கலீஃபா மஃமூன், அமைச்சர் ஹஸன் இப்னு ஸஹ்லின் மகள் பூரானை மணந்தார். பொற்தட்டிலிருந்து ஆயிரம் முத்துகள் சொரியப்பட்டன. நாற்பது மன்னு எடையுள்ள அம்பர் மெழுகுவத்தி ஏற்றப்பட்டது. அதனைக் கண்ட மஃமூனே இது வீண்விரயம் என்று கடிந்ததாகத் தபரீயின் வரலாறு கூறுகிறது. உலகின் செல்வமெல்லாம் கைவசமிருந்த மன்னரே மனம் கூசிய செலவை, வட்டிக்குக் கடன் வாங்கும் தந்தையர் தம் எளிய அளவில் மீண்டும் மீண்டும் நிகழ்த்திப் பார்க்கின்றனர்.

மருதாணியின் கதையும் இத்தகையதே. அரபு நாடுகள் 16 ஒன்றுசேர்ந்து முன்வைத்த மருதாணி மரபை 2024 டிசம்பரில் யுனெஸ்கோ மானுடத்தின் பண்பாட்டுச் செல்வங்களின் பட்டியலில் சேர்த்தது. அம்மரபின் மையம் பெண்கள் கூடியிருந்து ஒருத்தியின் கைகளில் இலைக்குழம்பை இட்டுவிடும் இரவாகும். இலையிலுள்ள லாசோன் என்னும் நிறப்பொருள் தோலில் ஆரஞ்சும் சிவப்புமாகவே படியும். விரைவில் கரிய நிறம் தராது. நொடியில் கறுப்பாக்கும் ‘கறுப்பு மருதாணி’களில் கலக்கப்படும் பாரா-ஃபினிலீன்டைஅமீன் தோலில் கொப்புளங்களையும் நீங்காத ஒவ்வாமையையும் உண்டாக்க வல்லது. சில வெண்மைப் பூச்சுகளில் உள்ள பாதரசம் சிறுநீரகத்தைக் கெடுக்கும். நிறத்தைப் பற்றிய ஊராரின் பேச்சுக்கு அஞ்சி ஒரு பெண் தன் உடலுக்குத் தீங்கிழைத்துக்கொள்வது பேணலாகாது.

மணமகளைப் பேணுவது நம் மரபுக்குப் புறம்பானது என்று எவரும் கூறமுடியாது. ஊட்டமும் தூய்மையும் நறுமணமும் அழகிய உடையும் அவளுக்குரியவை என்பதற்கு மதீனாவே சான்று. ஆயின் அங்கே தாய் உணவூட்டினாள். அண்டையிலுள்ள பெண் தலை வாரினாள். அங்கி இரவலாக வந்தது. இன்றோ ஒருநாள் உடுத்திய விலையுயர்ந்த மண உடை பெட்டிக்குள் கிடக்க, அடுத்த தெருவில் ஒரு மணமகள் தன் உடைக்காகக் கடன் தேடுகிறாள். அப்பெட்டியைத் திறந்து அவ்வுடையை அவளிடம் கொடுத்தனுப்பும் பெண், அன்னையவர்களின் வழிமுறை ஒன்றை உயிர்ப்பித்தவளாவாள். அத்தகைய உள்ளத்தை அல்லாஹ் நமக்கு அருள்வானாக.