சையது அப்துல் ரஹீம்

சையது அப்துல் ரஹீம் (17 ஆகஸ்ட் 1909 – 11 ஜூன் 1963) ஹைதராபாத்தைச் சேர்ந்த பள்ளி ஆசிரியர். இந்தியக் கால்பந்து அணியின் பயிற்சியாளராகவும் மேலாளராகவும் 1950 முதல் 1963இல் இறக்கும்வரை வெவ்வேறு காலங்களில் பொறுப்பு வகித்தவர். 1951 புது தில்லி, 1962 ஜகார்த்தா ஆசிய விளையாட்டுப் போட்டிகளில் இந்தியா வென்ற இரண்டு தங்கங்களும், 1956 மெல்போர்ன் ஒலிம்பிக்கில் பெற்ற நான்காம் இடமும் அவர் காலத்தவை. ஆட்டக்காரர்கள் அவரை ‘ரஹீம் சாப்’ என்றே அழைத்தார்கள். வியூகம் வகுத்தவர் என்றுதான் அவரைப் பற்றி அதிகம் எழுதுகிறார்கள். அவருடைய பெரிய திறமை அதற்கு முந்தைய கட்டத்தில் இருந்தது: யாரும் கவனிக்காத பையனைத் தெருமுனை மைதானத்தில் பார்த்து, அவன் எந்த இடத்தில் ஆட வேண்டியவன் என்று சொல்லிவிடுவார்.

ஆசிரியப் பணி

உஸ்மானியா பல்கலைக்கழகத்தில் கலைப் பட்டம் பெற்ற ரஹீம், பல்கலைக்கழக அணிக்கும் நகரக் கிளப்புகளுக்கும் ஆடினார். பிறகு காச்சிகுடா, சாதர்காட் உள்ளிட்ட பகுதிகளின் பள்ளிகளில் ஆசிரியராக இருந்தார். இடையில் உடற்கல்வியில் டிப்ளமோ முடித்துப் பள்ளி விளையாட்டுகளின் பொறுப்பையும் ஏற்றார். 1940களின் தொடக்கத்தில் ஹைதராபாத் கால்பந்துச் சங்கத்தின் செயலாளரானார். போட்டிகளை நடத்தும் அதிகாரமும் பையன்களுக்குச் சொல்லிக்கொடுக்கும் பழக்கமும் ஒரே ஆளிடம் சேர்ந்ததுதான் அந்த நகரத்துக்கு வாய்த்த நல்ல காலம்.

செயலாளராக அவர் நடத்திய போட்டிகள் இன்றும் வியப்பளிப்பவை. ஒரு போட்டியில் பந்தை உருட்டிக்கொண்டு ஆளைத் தாண்டிப் போகக் கூடாது. வாங்கியதும் அடுத்தவனுக்குக் கொடுத்துவிட வேண்டும். இன்னொன்றில் பழகாத காலால் மட்டுமே உதைக்கலாம். வலது கால்காரனுக்கு இடது கால்தான். உயரம் குறைந்த சிறுவர்களுக்கு மட்டுமென்று தனிப் போட்டியும் உண்டு. பெரிய பையன்களின் முழங்கைக்கு அடியில் நசுங்கிப் போகிற சின்னப் பையன்களில் யாருக்கு விளையாட்டு இருக்கிறது என்று அதில் தெரிந்துவிடும். வேடிக்கைக்காக வைத்த விதிகள் அல்ல இவை. ஐரோப்பியருக்கு இருந்த உடல்வலு நம்மவர்களுக்கு இல்லை, வேகமான பாஸும் இரண்டு கால் பழக்கமும்தான் அதை ஈடுகட்டும் என்பது ரஹீமின் கணக்கு. கூடவே, இந்தப் போட்டிகள் அவருக்கு ஆள் தேடும் சல்லடையாகவும் பயன்பட்டன. காசு செலவில்லாத இந்த முறையைப் பழனியிலோ திண்டுக்கல்லிலோ உள்ள எந்தப் பள்ளியின் உடற்கல்வி ஆசிரியரும் ஒரு சனிக்கிழமை காலையில் செய்து பார்க்க முடியும். செய்து பார்க்க வேண்டும்.

ஹைதராபாத் நகரப் போலீஸ் அணி

ரஹீமின் பெயர் நாடு முழுக்கப் பரவியது ஹைதராபாத் நகரப் போலீஸ் அணியால். 1950இல் அதன் பயிற்சிப் பொறுப்பை ஏற்று, கடைசிவரை அதை விடவில்லை. 1950 முதல் 1954 வரை பம்பாயின் ரோவர்ஸ் கோப்பையைத் தொடர்ந்து ஐந்து முறை அந்த அணி வென்றது. டூரண்ட் கோப்பையும் அவர் காலத்தில் பலமுறை ஹைதராபாத்துக்கு வந்தது. கல்கத்தாவின் பெரிய கிளப்புகள் மட்டுமே கால்பந்தை ஆண்ட காலத்தில், தெற்கே ஒரு போலீஸ் அணி இப்படி ஓங்கி நின்றது சாதாரணமல்ல.

அணி நிலைத்ததற்குக் காரணம் எளிது. அன்றைய கால்பந்தில் தொழில்முறை ஒப்பந்தம் என்று எதுவும் இல்லை. ஏழை வீட்டுப் பையனுக்கு அணியில் இடம் கிடைத்தால் கூடவே போலீஸ் வேலையும் மாதச் சம்பளமும் கிடைத்தன. பின்னாளில் சென்னையில் ஐ.சி.எஃப்., இந்தியன் வங்கி போன்ற நிறுவன அணிகள் நடந்ததும் இதே வழியில்தான். பையனின் ஆட்டத்தைப் பார்த்த அதே கண்ணால் அவன் வீட்டு நிலைமையையும் பார்க்கத் தெரிந்தவர் ரஹீம்.

நூர் முகமது, அசீசுத்தீன், லத்தீஃப், அகமது ஹுசைன், சலாம், சுல்ஃபிகர் என்று 1956 ஒலிம்பிக் அணியில் ஹைதராபாத் மண்ணில் வளர்ந்தவர்கள் குவிந்திருந்தது, இந்தப் பல்லாண்டு உழைப்பின் அறுவடை. தம் ஊர்க்காரர்களுக்கே இடம் கொடுக்கிறார் என்ற முணுமுணுப்பும் அப்போது எழுந்தது. மெல்போர்னில் கிடைத்த முடிவு அதற்குப் பதில் சொன்னது.

பலராமும் ஒரு ரூபாயும்

ரஹீம் கண்டெடுத்தவர்களில் தமிழ் வாசகர்கள் முதலில் அறிய வேண்டியவர் துளசிதாஸ் பலராம் (1936–2023). செகந்திராபாத்தை ஒட்டிய அம்முகூடாவில் தமிழ்ப் பெற்றோருக்குப் பிறந்தவர். ஆங்கிலேயப் படையின் பாளையமாக இருந்த செகந்திராபாத்தில், சென்னைப் படைப்பிரிவுகளோடும் அவற்றைச் சார்ந்த வேலைகளோடும் வந்து தங்கிவிட்ட தமிழ்க் குடும்பங்கள் ஏராளம். அந்தக் குடியிருப்புகளின் மண் மைதானங்களில் சிப்பாய்கள் ஆடியதைப் பார்த்துப் பையன்கள் பந்தாட்டம் கற்றார்கள்.

1950களின் நடுவில் உள்ளூர் ஆட்டமொன்றில் பலராமைப் பார்த்த ரஹீம், மாநில அணிகள் மோதும் சந்தோஷ் கோப்பைக்கான ஹைதராபாத் அணித் தேர்வுக்கு அவரை வரச் சொன்னார். அம்முகூடாவிலிருந்து நகரத்துக்குத் தினமும் வந்து போகப் பையனிடம் காசில்லை. வாடகைச் சைக்கிள் எடுத்து வரச் சொல்லி, அதற்காக நாள்தோறும் ஒரு ரூபாயைத் தம் கையிலிருந்து கொடுத்தார் ரஹீம் என்று பலராம் பிற்காலத்தில் நன்றியோடு சொல்லிவந்தார். 1956இல் ஹைதராபாத் சந்தோஷ் கோப்பையை வென்றது. அடுத்த ஆண்டும் வென்றது. அம்முகூடா பையன் இருபது வயதில் மெல்போர்ன் ஒலிம்பிக்குக்குப் போனார். பிறகு கல்கத்தாவின் ஈஸ்ட் பெங்காலில் சேர்ந்து அதன் தலைவரானார். சுனி கோஸ்வாமி, பி.கே. பானர்ஜி, பலராம் மூவரும் சேர்ந்த முன்வரிசைக்கு ஈடாக இந்தியாவில் இன்றுவரை எதையும் காட்ட முடியவில்லை. 1962இல் அவருக்கு அர்ஜுனா விருது கிடைத்தது. உடல்நலம் கெட்டதால் 27 வயதுக்குள்ளாகவே ஆட்டத்தை விட்டார். அந்த ஒரு ரூபாய் அன்றாடம் கிடைத்திராவிட்டால் இவ்வளவும் நடந்திராது. ஆள் தேடுகிறவரின் வேலை பெயரைக் குறித்துக்கொள்வதோடு முடிந்துவிடுவதில்லை என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

தேசிய அணி

1951 மார்ச்சில் புது தில்லியில் நடந்த முதல் ஆசிய விளையாட்டுப் போட்டியில் இந்தோனேசியாவையும் ஆப்கானிஸ்தானையும் தலா 3–0 என்று வென்ற இந்தியா, இறுதியாட்டத்தில் ஈரானை 1–0 என்று தோற்கடித்தது. கோல் மேவாலாலுடையது. அணித் தலைவர் சைலன் மன்னா. ஓராண்டு கழித்து ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் அடி விழுந்தது: யூகோஸ்லாவியாவிடம் 1–10. நம்மவர்களில் பெரும்பாலோர் வெறுங்காலோடு ஆடினார்கள். அதற்குப் பிறகே பூட்ஸ் கட்டாயமானது.

1956 மெல்போர்னில் முதல் சுற்று எதிராளியான ஹங்கேரி, உள்நாட்டுக் கிளர்ச்சியின் காரணமாகப் போட்டிக்கு வரவில்லை. காலிறுதியில் போட்டி நடத்திய ஆஸ்திரேலியாவை இந்தியா 4–2 என்று வென்றது. நெவில் டிசூசா மூன்று கோல் அடித்தார். ஒலிம்பிக் கால்பந்தில் ஹாட்ரிக் அடித்த முதல் ஆசியர் அவரே. நான்காவது கோல் ‘கிட்டு’ என்று அழைக்கப்பட்ட ஜே. கிருஷ்ணசாமியுடையது. ஒலிம்பிக் அரையிறுதிக்குப் போன முதல் ஆசிய நாடு இந்தியா. அங்கே யூகோஸ்லாவியாவுக்கு எதிராக முதல் கோலை அடித்தும் 1–4 என்று தோற்றது; வெண்கலத்துக்கான ஆட்டத்தில் பல்கேரியாவிடம் 0–3. நான்கு ஆண்டுகளுக்கு முன் பத்து கோல் வாங்கிய அதே யூகோஸ்லாவியாவை இடைவேளைவரை கோலடிக்க விடாமல் நிறுத்திவைத்திருந்தது இந்த அணி.

ரோம் ஒலிம்பிக்கில் (1960) ஹங்கேரி, பிரான்ஸ், பெரு ஆகியவை இருந்த கடினமான பிரிவு. ஹங்கேரியிடம் 1–2 என்று தோற்று, பிரான்ஸோடு 1–1 என்று சமன்செய்து, பெருவிடம் 1–3 என்று தோற்று இந்தியா வெளியேறியது. தஞ்சாவூர்க்காரரான சைமன் சுந்தர்ராஜ் இந்த அணியில் இருந்தார். ரஹீமின் மகன் சையது ஷாஹித் ஹகீமும் இருந்தார். ஹகீம் பின்னர் சர்வதேச நடுவராகி, 2017இல் தியான்சந்த் விருது பெற்றார்.

பிரேசில் 1958 உலகக் கோப்பையில் 4–2–4 முறையைப் பிரபலமாக்கியது. அதற்கு முன்பே ரஹீம் அதைப் போல ஆடவைத்தார் என்று இந்திய எழுத்தாளர்கள் பெருமையோடு குறிப்பதுண்டு. முன்வரிசை ஆளைப் பின்னே இறக்கி எதிராளியின் தடுப்பாளர்களைக் குழப்புகிற உத்தியை 1950களில் அவர் கையாண்டது உண்மை. யார் முதலில் என்ற வழக்கைவிட, எந்தக் காகித வியூகத்துக்கும் முன்னால் அவர் ஆளைப் பார்த்தார் என்பதே முக்கியம். அதற்குச் சாட்சி ஜகார்த்தா.

ஜகார்த்தா, 1962

நான்காவது ஆசிய விளையாட்டுக்குப் புறப்படும்போதே ரஹீமின் நுரையீரலைப் புற்றுநோய் தின்றுகொண்டிருந்தது. முதல் ஆட்டத்திலேயே தென்கொரியாவிடம் 0–2 தோல்வி. அடுத்து தாய்லாந்தை 4–1 என்று வென்றபோது, தடுப்பின் தூணான ஜர்னைல் சிங்கின் தலையில் பலத்த காயம். தையல் போட வேண்டியிருந்தது. அவர் இல்லாமல் ஜப்பானை 2–0 என்று வென்றார்கள்.

அரையிறுதிக்கு ரஹீம் எடுத்த முடிவை இன்று படிக்கும்போதும் மலைப்பாக இருக்கிறது. காயத்தோடு இருக்கும் ஸ்டாப்பரை வெளியே உட்காரவைக்கவில்லை. பழைய இடத்திலும் இறக்கவில்லை. ஜர்னைலைக் கட்டுப்போட்ட தலையோடு சென்டர் ஃபார்வர்டாக நிறுத்தினார். அருண் கோஷைப் பின்னால் ஸ்டாப்பராக்கினார். ஜர்னைலின் வலுவும் துணிவும் எதிரணியின் தடுப்பை உடைக்கும் என்பது அவர் எண்ணம். தெற்கு வியட்நாமை இந்தியா 3–2 என்று வென்றது. ஜர்னைல் ஒரு கோல், தலைவர் சுனி கோஸ்வாமி இரண்டு.

செப்டம்பர் 4 இறுதியாட்டத்தில் மறுபடியும் தென்கொரியா. செனயன் அரங்கில் ஏறக்குறைய ஒரு லட்சம் பேர். பெரும்பாலோர் இந்தியாவுக்கு எதிராகக் கூச்சலிட்டார்கள். இஸ்ரேலுக்கும் தைவானுக்கும் இந்தோனேசியா விசா மறுத்ததால் இதை ஆசிய விளையாட்டு என்றே அழைக்கக் கூடாது என்று இந்திய விளையாட்டு நிர்வாகி ஜி.டி. சோந்தி சொன்னதுதான் அந்தக் கோபத்துக்குக் காரணம். அரங்கில் இந்தியாவுக்காகக் குரல் கொடுத்தவர்களில் பாகிஸ்தான் ஹாக்கி அணியினரும் இருந்தார்கள்.

முந்தைய ஆட்டங்களில் கோலைக் காத்தவர் பிரத்யுத் பர்மன். இறுதியாட்டத்துக்குக் காய்ச்சலிலிருந்து எழுந்த பீட்டர் தங்கராஜை ரஹீம் இறக்கினார். செகந்திராபாத் தமிழரான தங்கராஜ் ஆறேகால் அடி உயரம். முதலில் முன்வரிசையில் ஆடியவர், நீலகிரி வெலிங்டனில் உள்ள மெட்ராஸ் ரெஜிமெண்ட் மையத்தின் அணியில் கோல்கீப்பராகப் பெயர் பெற்றவர். அந்தப் படை அணி 1955இலும் 1958இலும் டூரண்ட் கோப்பையை வென்றிருக்கிறது. பி.கே. பானர்ஜி 17ஆம் நிமிடத்தில் கோல் அடித்தார். 20ஆம் நிமிடத்தில் ஜர்னைல் இரண்டாவதை அடித்தார். கொரியா கடைசிக் கட்டத்தில் ஒன்றைத்தான் திருப்ப முடிந்தது. 2–1, தங்கம். அந்த அணியின் பட்டியலில் தங்கராஜ், பலராமோடு அருமைநாயகம், எத்திராஜ் என்ற பெயர்களும் உண்டு.

மறைவும் பின்விளைவும்

ஜகார்த்தாவிலிருந்து திரும்பியபின் நோய் முற்றியது. 1963 ஜூன் 11 அன்று ஹைதராபாத்தில் ரஹீம் காலமானார், வயது 53.

அவரிடம் ஆடியவர்கள் பலர் பயிற்சியாளர்களானார்கள். சைமன் சுந்தர்ராஜ் பயிற்சியளித்த கேரள அணி 1973இல் அந்த மாநிலத்தின் முதல் சந்தோஷ் கோப்பையை வென்றது. பி.கே. பானர்ஜி பெரிய கிளப்புகளையும் தேசிய அணியையும் நடத்தினார். ரஹீமிடம் பயின்ற சையது நயீமுத்தீன் 1970 பாங்காக் ஆசிய விளையாட்டில் அணித் தலைவராக வெண்கலம் வென்றார். பிறகு பயிற்சியாளராகவும் நெடுங்காலம் இருந்தார்.

ஆனால் ஹைதராபாத்தின் பந்தாட்டம் அவரோடு சரியத் தொடங்கியது. பழகாத கால் போட்டிகளை நடத்தவும் குடியிருப்பு மைதானங்களைச் சுற்றிவரவும் அவருக்குப் பின் ஆளில்லை. ஒரு மனிதரின் கண்ணையும் கைக்காசையும் நம்பி ஓடிய ஏற்பாட்டை, அவர் உயிரோடிருக்கும்போதே ஒரு நிறுவனமாக்கிக்கொள்ளாதது இந்தியக் கால்பந்தை நடத்தியவர்களின் தவறு. நாட்டுக்கு இரண்டு தங்கம் தேடித் தந்தவருக்குப் பத்ம விருதுகூட வழங்கப்படவில்லை. அவர் வாழ்க்கையைத் தழுவிய ‘மைதான்’ என்ற இந்தித் திரைப்படம், அஜய் தேவ்கன் நடிப்பிலும் ஏ.ஆர். ரஹ்மான் இசையிலும், அவர் மறைந்து அறுபது ஆண்டுகளுக்குப் பிறகு 2024இல் வெளிவந்தது.

1960 ரோமுக்குப் பிறகு இந்தியக் கால்பந்து அணி ஒலிம்பிக்குக்குத் தகுதி பெறவில்லை. 1970 வெண்கலத்துக்குப் பிறகு ஆசிய விளையாட்டில் ஆண்கள் கால்பந்தில் இந்தியாவுக்குப் பதக்கம் எதுவும் கிடைக்கவில்லை.