மூலமற்ற எண்ணம்: காலச்சுழலில் சிந்தனைக்கு இடம் உண்டா?

காலத்தில் பின்னோக்கித் திரும்பும் எண்ணங்களைப் பற்றிய புனைவுகளில் மிகக் கூர்மையானதாக நான் கருதுவது ஒரு குறிப்பேட்டின் கதையை. ராபர்ட் ஹைன்லைன் ஆன்சன் மெக்டொனால்ட் என்ற புனைபெயரில் எழுதிய ‘பை ஹிஸ் பூட்ஸ்ட்ராப்ஸ்’ 1941 அக்டோபரில் வெளிவந்தது. தொலைதூர எதிர்காலத்துக்குச் சென்றுவிடும் பாப் வில்சன், டிக்டார் என்பவரின் குறிப்பேட்டைத் திருடி, அதிலுள்ள சொற்பட்டியலின் துணையோடு அக்கால மக்களின் மொழியைக் கற்கிறான். ஆண்டுகள் செல்ல, குறிப்பேடு நைந்துபோகிறது. அதைப் புதிய ஏடொன்றில் படியெடுக்கிறான். பின்னரே அவனுக்கு விளங்குகிறது: டிக்டார் அவனேதான், அவன் திருடியது, தானே படியெடுத்த அந்தப் புதிய ஏட்டைத்தான். அப்படியானால் அச்சொற்களை முதலில் தொகுத்தவர் யார்?

தத்துவவாதி டேவிட் லூயிஸ் 1976இல் வெளியிட்ட ‘காலப்பயணத்தின் முரண்கள்’ பற்றிய கட்டுரையில் இத்தகைய சுழலை எடுத்துக்கொள்கிறார். சுழலின் ஒவ்வொரு கண்ணிக்கும் காரணம் உண்டு. முழுச் சுழலுக்கும் காரணம் இல்லை. அது விசித்திரமே தவிர, தருக்கப்படி இயலாதது அன்று என்பது அவர் முடிவு. பெருவெடிப்புக்கும் ஒரு டிரிட்டியம் அணுவின் சிதைவுக்கும் காரணம் கேட்டு நாம் தடுமாறவில்லையே என்கிறார். தருக்கத்தைப் பொறுத்தவரை லூயிஸை மறுக்க முடியாது. ஆனால் அவர் கேட்காத கேள்வி ஒன்று இருக்கிறது. சுழலில் சுற்றி வருவது தகவலா, சிந்தனையா?

முரணற்ற சுழலின் நிபந்தனை கடுமையானது. எது புறப்பட்டதோ, அதுவே வந்து சேர வேண்டும். ஒவ்வொரு முறையும் ஓர் எழுத்துப் பிழையாவது கூடினால் சுழல் மூடாது. ஹைன்லைன் இதை உணர்ந்திருந்தார் என்றே நினைக்கிறேன். அதனால்தான் தாள் நைந்தும் சொற்கள் நையவில்லை. அதனால்தான் சுழலும் பொருள் நினைவாக இல்லாமல் எழுதப்பட்ட ஏடாக இருக்கிறது. மனித நினைவு அந்த நிபந்தனையைத் தாங்காது. உளவியலாளர் ஃபிரெடரிக் பார்ட்லெட் 1932இல் வெளியிட்ட ஆய்வுகளில், வட அமெரிக்கப் பழங்குடிக் கதையொன்றைக் கேம்பிரிட்ஜில் தம் ஆய்வில் பங்கேற்றவர்களுக்குக் கொடுத்து, இடைவெளி விட்டு மீண்டும் மீண்டும் சொல்லச் செய்தார். ஒவ்வொரு முறையும் கதை உருமாறியது. பழக்கமில்லாத விவரங்கள் உதிர்ந்தன. பழக்கமானவை அந்த இடத்தில் புகுந்தன. நினைத்தல் என்பது திரும்பக் கட்டுதல். ஆகவே ஒரு மனத்தின் வழியே செல்லும் எண்ணம் உருமாறாமல் திரும்ப வேண்டுமெனில், அந்த மனம் அதைப் பற்றிச் சிந்திக்கவே கூடாது. இதுவே இக்கட்டுரையின் வாதம்: மூடிய காலச்சுழலில் எண்ணம் இருக்கலாம், சிந்தனை இருக்க முடியாது.

சிந்திக்கும்போது மாறும் எண்ணமும் மாறி மாறி இறுதியில் தன்னிடமே வந்து நிலைகொள்ளலாமே என்று கணிதம் அறிந்தவர் மறுக்கக்கூடும். வலுவான மறுப்புதான். ஆனால் வெற்று ஏடும் அதே விதியை நிறைவு செய்கிறது: யாரும் எழுதாத ஏட்டை வில்சன் திருடி, வெற்று ஏடாகவே படியெடுத்தாலும் சுழலில் முரண் இல்லை. நிறைந்த ஏட்டைத் தேர்ந்தெடுக்கும் எதுவும் சுழலுக்குள் கிடையாது. இயற்பியலாளர் டேவிட் டாய்ச் 1991ஆம் ஆண்டுக் கட்டுரையில் இந்த இடத்தில்தான் கால் ஊன்றுகிறார். அறிவு படிப்படியான முயற்சியால் மட்டுமே தோன்றும், உழைப்பின்றி முளைக்காது என்பது அவர் நிலை. தீர்வுக்கு அவர் பல பிரபஞ்சங்களை நாடுகிறார். அங்கே எவரோ அதை எழுதியிருப்பார். அந்தத் தீர்வு நமக்குத் தேவையில்லை. அவர் எழுப்பும் ஆட்சேபம் போதும்.

இந்த அளவுகோலை ‘அரைவல்’ (2016) படத்தின் மீது வைத்தால், பலர் ஒன்றாகக் குழப்பும் இரண்டு விஷயங்கள் பிரிகின்றன. லூயிஸ் பேங்க்ஸ் என்ற மொழியியலாளர், சீனத் தளபதி ஷாங்கின் தொலைபேசி எண்ணையும் அவர் மனைவி இறக்கும்போது சொன்ன சொற்களையும் எதிர்கால விருந்தொன்றில் அவரிடமே அறிந்து, இன்று பயன்படுத்துகிறார். இது மூலமற்ற எண்ணம் அன்று. எண் தளபதியுடையது, சொற்கள் அந்த மனைவியுடையவை. வந்து சேர்ந்த பாதை மட்டுமே வளைந்தது. டெட் சியாங்கின் மூலக்கதையில் (1998) இந்தத் தொலைபேசிக் காட்சியே இல்லை. அங்கே வேற்றுலகினரின் எழுத்தை பேங்க்ஸ் மெல்ல மெல்ல, பயின்று பயின்று கற்கிறார். கற்றதன் விளைவாகவே காலத்தைப் பார்க்கும் முறை மாறுகிறது. உழைப்பு கண்முன்னே நிற்பதால் மூலக்கதை படத்தைவிட ஆழமானது.

தமிழில் வெங்கட் பிரபுவின் ‘மாநாடு’ (2021) மூன்றாவது வகை. அப்துல் காலிக் இறக்கும்போதெல்லாம் நாள் மறுபடி விமானத்திலிருந்து தொடங்குகிறது. உடல் பழைய நிலைக்குப் போகிறது, நினைவு மட்டும் தங்குகிறது. இதையும் காலச்சுழல் என்றே விமர்சனங்கள் அழைத்தன. ஆனால் முரணற்ற சுழலோடு இதற்கு உறவில்லை. ஒவ்வொரு சுற்றிலும் அவன் முந்தைய சுற்றைவிடக் கூடுதலாக அறிகிறான்; தவறுகிறான், சாகிறான், திருத்துகிறான். அவன் அறிந்தது ஒவ்வொன்றுக்கும் விலை கொடுத்திருக்கிறான். வில்சனின் ஏட்டில் இல்லாத வரலாறு காலிக்கின் நினைவில் இருக்கிறது.

எனவே காலப்புனைவுகளை ஆராய்வோர் தருக்க முரண் உண்டா என்பதோடு நின்றுவிடக் கூடாது. அந்த எண்ணத்தை யார், எப்போது, எதை இழந்து சிந்தித்தார் என்றும் கேட்க வேண்டும். தமிழ் அறிவியல் புனைகதைத் திறனாய்வில் இக்கேள்வி இனியேனும் இடம்பெறட்டும்.