கல்லறை வரை சமத்துவம் கேட்ட வழக்கறிஞர்: யார் இந்த தாடியஸ் ஸ்டீவன்ஸ்?

2012-ல் வந்த ஸ்பீல்பெர்க்கின் 'லிங்கன்' படம் பார்த்தவங்களுக்கு அந்தக் கிழவரை மறந்திருக்காது. தலையில் விக், கையில் தடி, வாயைத் திறந்தா எதிரணி வெலவெலத்துப் போகும். டாமி லீ ஜோன்ஸ் நடித்த அந்த வேடம்தான் தாடியஸ் ஸ்டீவன்ஸ். (பேர்ல மட்டும்தான் தாடி. நோயில் முடி கொட்டியதால் தலையில் விக்!)

படம் காட்டுவது அவரது கடைசிக் காலத்தை. அதற்கு முன்பு அவர் பென்சில்வேனியாவில் வழக்கறிஞர், மாநில சட்டமன்ற உறுப்பினர். அவரைப் புரிந்துகொள்ள அந்தக் கதைதான் முக்கியம்.

செருப்பு தைப்பவரின் மகன்

1792 ஏப்ரல் 4-ம் தேதி வெர்மான்ட் மாநிலத்தின் டான்வில் ஊரில் பிறந்தார். பிறவியிலேயே ஒரு பாதம் வளைந்திருந்தது. செருப்பு தைக்கும் அப்பா குடும்பத்தை விட்டுப் போய்விட, நான்கு மகன்களையும் அம்மா சாராதான் வளர்த்தார். மகனைப் படிக்க வைக்கணும்னே பள்ளிக்கூடம் இருந்த பீச்சம் ஊருக்குக் குடிபெயர்ந்தார். டார்ட்மத் கல்லூரியில் பட்டம், பிறகு சட்டம், 1816-ல் கெட்டிஸ்பர்க் நகரில் வக்கீல் தொழில்.

மறைக்க முடியாத ஒரு வழக்கு

1821-ல் சேரிட்டி பட்லர் என்ற கருப்பினப் பெண் விடுதலை கேட்டு வழக்குப் போட்டார். வெளிமாநில முதலாளி கூட்டி வரும் அடிமை பென்சில்வேனியாவில் 6 மாதம் தங்கிவிட்டால் விடுதலை என்பது அப்போதைய சட்டம். பலமுறை வந்துபோன நாட்களைக் கூட்டினால் 6 மாதம் தாண்டுது என்பது சேரிட்டி தரப்பு வாதம். இல்லை, தொடர்ச்சியாக 6 மாதம் இருக்கணும் என்றது எதிர்த்தரப்பு. நீதிமன்றம் இரண்டாவதை ஏற்றது. சேரிட்டியும் இரண்டு குழந்தைகளும் மறுபடி அடிமைகளானார்கள்.

முதலாளிக்காக வாதாடி ஜெயித்த வக்கீல் யார் தெரியுமா? நம்ம ஸ்டீவன்ஸ்தான்.

இரண்டே ஆண்டில், 1823 ஜூலை 4 விருந்தில், அடிமைகளை வைத்திராத ஒருவர் அடுத்த அதிபராக வரணும்னு அவர் வெளிப்படையாகப் பேசினார். அந்த வழக்கு அவர் மனசை உறுத்தியிருக்கலாம். ஆனால் அதனால்தான் மாறினார்னு அடித்துச் சொல்ல முடியாது. பிறகு தப்பி வந்த பல அடிமைகளுக்காக அவர் வாதாடினார் என்பது மட்டும் உறுதி.

'புள்ள இல்லாதவன் ஏன் ஸ்கூல் வரி கட்டணும்?'

1833-ல் மாநில சட்டமன்றத்துக்குத் தேர்வானார். அடுத்த ஆண்டே வரிப்பணத்தில் இலவசப் பள்ளிகள் நடத்தும் சட்டம் நிறைவேறியது. உடனே கிளம்பியது எதிர்ப்பு. சட்டத்தை ரத்து செய்யக் கேட்டு மனு போட்டவர்கள் சுமார் 32,000 பேர். ஆதரித்தவர்கள் சில ஆயிரம்தான். மேலவை ரத்துக்கு ஓட்டுப் போட்டுவிட்டது. ஸ்டீவன்ஸின் சொந்தத் தொகுதிக்காரர்களே ரத்து பண்ணுங்கன்னு சொல்லியிருந்தாங்க.

1835 ஏப்ரல் 11 அன்று அவர் கீழவையில் எழுந்தார். அதுவரை ஏழைப் பிள்ளைகள் இலவசமாகப் படிக்கணும்னா, பெற்றோர் 'நாங்கள் பரதேசிகள்'னு பதிவு செய்துகொள்ள வேண்டிய நிலை. பிள்ளைகளுக்கு இப்படி முத்திரை குத்துவதைத்தான் அவர் முதலில் தாக்கினார். புள்ளை இல்லாதவன் ஏன் வரி கட்டணும் என்ற கேள்விக்கும் பதில் இருந்தது: குற்றமே செய்யாதவனும் நீதிமன்றத்துக்கும் சிறைக்கும் வரி கட்டுகிறானே, பள்ளிக்கூடம் என்றால் மட்டும் ஏன் கசக்குது? அரசியலில் தனக்கு எதிரணியான ஆளுநர் வுல்ஃபை இந்த விஷயத்தில் மனம் திறந்து பாராட்டவும் செய்தார்.

ரத்து முயற்சி தோற்றது, சட்டம் பிழைத்தது. ரெடிங் நகரப் பெண்கள் அந்த உரையைப் பட்டுத்துணியில் அச்சடித்து அவருக்குப் பரிசாகக் கொடுத்தார்கள்.

அதற்காக அவர் அப்பழுக்கற்ற மகான்னு நினைச்சிட வேண்டாம். கட்சி சூழ்ச்சிகளில் கைதேர்ந்தவர். 1838 டிசம்பரில், தேர்தல் முடிவு தகராறில் ஹாரிஸ்பர்க் சட்டமன்றத்தைக் கூட்டம் முற்றுகையிட, ஜன்னல் வழியாகக் குதித்துத் தப்பினார். ஆனால் அதே ஆண்டு, கருப்பின மக்களின் ஓட்டுரிமையைப் பறித்த புதிய மாநில அரசியல் சாசனத்தில் கையெழுத்துப் போட மாட்டேன்னு மறுத்தவரும் அவரேதான்.

வாஷிங்டனில்

1842-ல் லங்காஸ்டர் நகருக்கு மாறினார், பிறகு நாடாளுமன்றம் போனார். 1863-ல் தென்மாநிலப் படை வந்து அவரது இரும்பு ஆலையைக் கொளுத்தியது. அவர் பின்வாங்கவில்லை. அடிமை முறையை ஒழித்த 13-வது திருத்தத்துக்கும், சட்டத்தின் முன் சமம் என்ற 14-வது திருத்தத்துக்கும் கீழவையில் முன்நின்றார். அமெரிக்க மண்ணில் பிறந்தாலே குடியுரிமை உண்டா என்ற சர்ச்சையில் இன்னைக்கும் அடிபடுவது இந்த 14-வது திருத்தம்தான்.

1868 ஆகஸ்ட் 11-ல், 76 வயதில் இறந்தார். லங்காஸ்டரில் பெரிய கல்லறைத் தோட்டங்கள் இருந்தன. அங்கெல்லாம் கருப்பினத்தவருக்கு இடம் கிடையாது. அதனால் எல்லோரையும் அனுமதித்த ஒரு சிறிய இடுகாட்டையே தேர்ந்தெடுத்தார். தனிமை விரும்பி இங்கே வரவில்லை, மற்ற இடங்களில் இனத்தைப் பார்த்து ஆளைத் தடுப்பதால்தான் வந்தேன்னு தன் கல்லறைக் கல்லிலேயே எழுத வைத்திருக்கிறார்.