பணி வேறு, இடம் வேறு: செல்லாதாகும் பழங்குடிச் சான்றுகளும் தேனி மாவட்டமும்

இன்றைய தேனி மாவட்டப் பகுதியில் 1977 ஜூலை 27 வரை சில மலைவாழ் இனத்தவர் சட்டப்படி பழங்குடியினர் அல்லர். 1956இல் திருத்தப்பட்ட பழங்குடிப் பட்டியல் மன்னான், மலைவேடன் ஆகிய பெயர்களைக் கன்னியாகுமரி மாவட்டத்துக்கும் செங்கோட்டை வட்டத்துக்கும் மட்டும் உரியனவாக வைத்திருந்தது. திருவிதாங்கூரிலிருந்து தமிழகத்தில் சேர்ந்த பகுதிகள் அவை. 1976ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் நடைமுறைக்கு வந்த நாளில்தான் இந்த எல்லை நீங்கியது. அதுவரை தங்கள் வட்டத்தில் சான்று வழங்கப்படாத இனப்பெயர்களுக்குப் பெரியகுளம், உத்தமபாளையம் வட்டாட்சியர்கள் சான்று வழங்க வேண்டிய நிலை வந்தது. உரியவரை அறிந்துகொள்ள அவர்களுக்கு என்ன வழிகாட்டுதல் இருந்தது என்பதே, இன்று செல்லாதவையாக அறிவிக்கப்படும் சான்றுகளைப் பற்றி நாம் முதலில் கேட்க வேண்டிய கேள்வி.

1989 நவம்பர் 11 முதல் பழங்குடிச் சான்று வழங்கும் அதிகாரம் வட்டாட்சியரிடமிருந்து கோட்டாட்சியருக்கு மாறியது. அதற்கு முன் வட்டாட்சியர் வழங்கிய சான்றுகளும் செல்லும் என்று சென்னைத் துறைமுக ஊழியர் ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1997இல் கூறியது. தேனி தனி மாவட்டமாகச் செயல்படத் தொடங்கியதும் அதே ஆண்டில்தான். அதற்கு முந்தைய சான்றுகளெல்லாம் மதுரை மாவட்டக் காலத்தவை. இன்றைய மெய்த்தன்மை விசாரணை முறையைத் தமிழக அரசு 2007 செப்டம்பரில் அரசாணை 108 வழியாக அமைத்தது. பழங்குடியினருக்கு மாநிலக் கூர்நோக்குக் குழு, பட்டியல் சாதியினருக்கு மாவட்ட விழிக்கண் குழு என்பது ஏற்பாடு. 1980களில் சான்று பெற்றுப் பணியில் சேர்ந்தவர், தலை நரைத்த பிறகு மானிடவியலர் முன் அமர்ந்து குலதெய்வம், மணமுறை, இறப்புச் சடங்கு பற்றிய கேள்விகளுக்குப் பதில் சொல்கிறார். மலையிலிருந்து இறங்கி, நகரத்தில் வளர்ந்து, அலுவலகத்தில் காலம் கழித்தவருக்கு அந்தப் பதில்கள் தெரியாமல் போவது இயல்பு. இந்த ஒப்புமைச் சோதனையை இறுதி உரைகல்லாகக் கொள்ளக்கூடாது என்று மகாராஷ்டிர தாக்கூர் பழங்குடியினர் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2023 மார்ச்சில் தெளிவுபடுத்தியது.

சான்று செல்லாதென்றால் வேலை என்னவாகும்? நீதிமன்றம் இதில் ஒரே வழியில் நடக்கவில்லை. 2000 நவம்பரில் மிலிந்த் வழக்கில் அரசியல் சாசன அமர்வு, ஹல்பா கோஷ்டி என்போர் பட்டியலிலுள்ள ஹல்பா ஆகார் என்று தீர்ப்பளித்தது. ஆனால் அதுவரை இறுதியான மாணவர் சேர்க்கைகளையும் பணி நியமனங்களையும் காத்தது. 2017 ஜூலையில் இந்திய உணவுக் கழக வழக்கில் நீதிபதி சந்திரசூட் எழுதிய தீர்ப்பு இதைச் சுருக்கியது. மிலிந்த் வழக்கில் தரப்பட்டது அந்த வழக்குக்கான சிறப்புச் சலுகை, அது பொதுவிதி ஆகாது என்றது. ஏமாற்றும் எண்ணம் இருந்ததா என்பது தண்டனைக்கு வேண்டியது, பயனைத் திரும்பப் பெறுவதற்கு வேண்டியதில்லை என்றது.

இந்தத் தீர்ப்பின் அறவலிமையை நான் மறுக்கவில்லை. வருசநாட்டு மலையிலும் அகமலையிலும் வாழும் பளியரின் பிள்ளைக்குரிய இடத்தில் வேறொருவர் முப்பது ஆண்டுகள் அமர்ந்திருந்தால், இழந்தவருக்கு அந்த இழப்பு தெரியக்கூடத் தெரியாது. மாநில அரசுப் பணியில் பழங்குடியினருக்குள்ள பங்கு 1 விழுக்காடு. அதில் ஓர் இடம் தவறினாலும் அது பெரிய இழப்பு. நெடுங்காலம் பணிபுரிந்தார் என்ற இரக்கத்துக்காக அந்த இடத்தை விட்டுக்கொடுக்க முடியாது.

ஆனால் இடத்தை மீட்பதும் மனிதரை வீட்டுக்கு அனுப்புவதும் ஒன்றல்ல. பணிநீக்க ஆணை பிறந்துவிட்டால் நீதி கிடைத்துவிட்டதாக நாம் நினைத்துக்கொள்கிறோம். காலியான பணியிடம் பின்னடைவுக் காலியிடமாகக் கணக்கில் ஏறி, பழங்குடியினர் ஒருவரால் நிரப்பப்பட்டதா என்று யாரும் பார்ப்பதில்லை. அப்படி நிரப்பப்படாவிட்டால் ஊழியர் வேலையை இழந்திருப்பார், பளியருக்கும் ஒன்றும் கிடைத்திராது.

கனரா வங்கி ஊழியர் வழக்கில் 2024 ஆகஸ்டில் வந்த தீர்ப்பு இங்கேதான் துணை செய்கிறது. கர்நாடக அரசு தன் சுற்றறிக்கையால் கோட்டேகாரா முதலிய சாதிகளைப் பட்டியல் சாதியின் மறுபெயர்களாக ஏற்றது. அச்சாதிகளைச் சேர்ந்த அந்த ஊழியர்கள் அதை நம்பிச் சான்று பெற்றுப் பணியில் சேர்ந்தார்கள். பட்டியலை மாற்ற மாநிலத்துக்கு அதிகாரமில்லை என்பதில் நீதிமன்றம் தளரவில்லை. ஆயினும் 2003ஆம் ஆண்டு மாநிலச் சுற்றறிக்கையையும் 2005ஆம் ஆண்டு மத்திய நிதி அமைச்சகக் கடிதத்தையும் ஏற்று, அவர்கள் இனி பொதுப்பிரிவினராகப் பணியில் தொடரலாம் என்றது. மகாராஷ்டிரம் 2019 டிசம்பரில் பழங்குடிச் சான்று செல்லாமற்போன ஊழியரை மிகைப்பணியிடங்களுக்கு மாற்றி மூலப் பணியிடத்தைப் பழங்குடியினருக்கு விடுவிக்க முனைந்தது. பதினொரு மாதப் பணி என்பது அந்த ஏற்பாட்டின் குறை. ஆனால் பணியையும் இடத்தையும் பிரித்துப் பார்த்தது அதன் சிறப்பு.

தமிழ்நாட்டில் இவ்வளவும் அரசாணைகளின் வழியே நடக்கிறது. கேரளம் 1996இலும் மகாராஷ்டிரம் 2001இலும் இதற்கெனத் தனிச்சட்டம் இயற்றின. நமக்கும் ஒரு சட்டம் வேண்டும். போலி முத்திரை, திருத்திய பள்ளிப் பதிவேடு, மறைத்த பெற்றோர் விவரம் இருந்தால் அதில் எந்தப் பாதுகாப்பும் கூடாது. உண்மை விவரங்களைத் தந்து, அதிகாரியின் பிழையால் சான்று பெற்றவர் பொதுப்பிரிவுக்கு மாறட்டும். இடஒதுக்கீட்டால் வந்த பதவி உயர்வுகளை இழக்கட்டும். அவர் இருந்த சுழற்சி இடம் அன்றே பழங்குடியினர் கணக்கில் சேரட்டும். விசாரணைக்குக் கால வரம்பும் வேண்டும். மாநிலக் கணக்காயர் அலுவலக ஊழியர் ஒருவர் 1982இல் பெற்ற வள்ளுவன் என்ற பட்டியல் சாதிச் சான்றை மாவட்டக் குழு 1999இல் உண்மை என்றது. 2008இல் மாநிலக் குழு அதை ரத்து செய்தது. முறையாக முடிந்த விசாரணையை மோசடி இல்லாமல் மீண்டும் கிளறக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொல்ல 2021 செப்டம்பர் ஆனது.

ஓய்வூதியத்தை இதிலிருந்து தனியே பார்க்க வேண்டும். கேரளக் காவல்துறை அதிகாரி ஒருவர் பொய்ச்சான்றால் பணி பெற்றார் என்று உறுதியானதால் 2004இல் உச்ச நீதிமன்றம் அவருக்கு ஓய்வூதியத்தை மறுத்தது. அந்தத் தீர்ப்பு மோசடியைப் பற்றியது. அதை, 1980களில் வட்டாட்சியர் கையெழுத்திட்டுத் தந்த தாளை நம்பி உழைத்தவரின் பணிக்கொடையை நிறுத்தி வைக்கக் காரணமாக்குவது அந்தத் தீர்ப்பை அதன் எல்லைக்கு வெளியே இழுப்பதாகும்.